கோபம் யார்மேல் இறங்குகிறது?

(ஜொகூர் பாருவில் பெற்றோர், ஆசிரியர், மாணவர் கூடிய அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மனமுதிர்ச்சியைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். அன்றாட வாழ்க்கையில் அது எப்படி இருக்கும், கண்ணால் பார்க்க முடியுமா என்றும் கேட்டார்கள். பார்க்க முடியும் என்று நம்புகிறேன். ஆனால் நாம் வழக்கமாகத் தேடும் இடத்தில் அது அகப்படுவதில்லை. கோபமே படாதவர், கண்ணீர் விடாதவர், எதற்கும் அசையாதவர் என்று யாரையாவது காட்டி, "அவருக்கு நல்ல பக்குவம்" என்கிறோம். அந்த மனிதரின் வீட்டுக்குள் போய்ப் பார்த்தால்தான் உண்மை தெரியும். நான்கு பேர் முன்னால் அமைதியாக இருப்பது எல்லோராலும் முடிகிற காரியம். ஆகவே வேறொரு கேள்வியை உங்கள் முன் வைக்கிறேன். இன்று முழுவதும் நான் பேசப்போவது இந்த ஒரு கேள்வியைப் பற்றித்தான். உங்களுக்கு வரும் கோபம் யார்மேல் இறங்குகிறது?

இந்த மாநிலத்தில் இருப்பவர்களுக்கு இதை விளக்க நான் வெளிநாட்டு உதாரணத்தைத் தேட வேண்டியதில்லை. நம்மில் பெரும்பாலோரின் தாத்தா பாட்டிமார் குளுவாங், சிகாமட், லாபிஸ், கூலாய், கோத்தா திங்கி என்று ஏதோ ஒரு பக்கத்துத் தோட்டத்திலிருந்து வந்தவர்கள். விடியுமுன் பெரட்டுக்களத்தில் போய் நிற்க வேண்டும். பெயர் கூப்பிடும்போது ஆள் இல்லையென்றால் அன்றைய வேலை இல்லை. அந்தத் தோட்டத்தில் மனிதர்கள் ஒருவர்மேல் ஒருவராக நிறுத்தி வைக்கப்பட்டிருந்தார்கள். மேலே பெரிய துரை, அவருக்குக் கீழே சின்ன துரை, பிறகு கணக்கெழுதும் கிராணி, பிறகு வேலை வாங்கும் மண்டோர் அல்லது கங்காணி, பிறகு பால்வெட்டும் தொழிலாளி.

பெரிய துரைக்கு லண்டன் கம்பெனியிலிருந்து கடிதம் வரும், இந்த மாதம் விளைச்சல் குறைவு என்று. அவர் சின்ன துரையைக் கடிந்துகொள்வார். சின்ன துரை கிராணியை ஏசுவார். கிராணி மண்டோரைக் கூப்பிட்டு நிறுத்துவார். மண்டோர் மர நிரைக்குப் போய், பட்டையில் காயம் பட்டிருக்கிறது, பாலில் தண்ணீர் கலந்திருக்கிறது என்று தொழிலாளியை எல்லார் முன்னாலும் கேவலமாகப் பேசுவார். அந்த மனிதர் பதில் பேச முடியாது. பேசினால் நாளைக்குப் பெயர் கூப்பிடமாட்டார்கள். தலையைக் குனிந்துகொண்டு பால் வாளியைத் தூக்கிக்கொண்டு வருவார். மாலையில் கள்ளுக்கடை. அங்கிருந்து லயத்து வீட்டுக்கு. லயத்தில் மனைவி இருப்பாள். அடி விழும், அல்லது சோற்றுத் தட்டு வாசலில் போய் விழும். அவள் திருப்பி அடிக்க முடியாது. பக்கத்தில் நிற்கும் மகனை இழுத்து இரண்டு வைப்பாள். மகன் வெளியே வந்து, வாசலில் படுத்திருக்கும் நாயை உதைப்பான்.

லண்டனில் எழுதிய ஒரு கடிதம் ஜொகூரில் ஒரு நாயின் விலாவில் வந்து முடிகிறது. நடுவில் இருந்த ஒவ்வொருவருக்கும் தன் கோபம் நியாயமானதாகவே தோன்றியிருக்கும். யாரும் தன்னைக் கெட்டவன் என்று நினைத்திருக்கமாட்டார்கள். மேலே இருந்து வந்தது, கீழே தள்ளினார்கள்.

படிக்கட்டு ஒன்றைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். கோபம் எப்போதும் அதில் கீழ்நோக்கித்தான் இறங்கும். பதில் சொல்ல முடியாதவர் யாரோ, அவர் நிற்கும் படிக்குத்தான் போகும். எவர் ஒருவர் "இது என்னிடம் வந்து நின்றுவிடட்டும், எனக்குக் கீழே இருப்பவருக்குப் போக வேண்டாம்" என்று தன் படியில் அதை நிறுத்துகிறாரோ, அவரை நான் மனமுதிர்ச்சி உள்ளவர் என்பேன். அவருக்குக் கோபம் வரலாம், கண் கலங்கலாம், குரல் நடுங்கலாம். அதெல்லாம் பரவாயில்லை.

தோட்டங்கள் போய்விட்டன என்று நீங்கள் சொல்லலாம். பால்மரம் இருந்த இடத்தில் செம்பனை வந்தது, செம்பனை இருந்த இடத்தில் தாமான் குடியிருப்பு வந்தது. நாம் மாசாய்க்கும் பாசிர் கூடாங்கிற்கும் ஸ்கூடாய்க்கும் வந்துவிட்டோம். படிகள் போய்விட்டனவா?

விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து, நாலரைக்கு மோட்டாரை எடுத்துக்கொண்டு சிங்கப்பூர்ப் பாலத்தை நோக்கிப் போகிறவர்கள் இந்த அரங்கில் எத்தனை பேர் இருக்கிறீர்கள் என்று கை தூக்கச் சொன்னால் பாதிக் கைகள் உயரும். 1924-இல் திறக்கப்பட்ட அந்தப் பாலம் ஒரு கிலோமீட்டருக்குச் சற்றே அதிகமான நீளம். நடந்தால் கால் மணி நேரம். ஆனால் நாளொன்றுக்கு மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் கடக்கும் எல்லை அது. மழையில், புகையில், மோட்டாரோடு மோட்டார் உரசிக்கொண்டு, குடிநுழைவைத் தாண்டி, அக்கரைக்குப் போய், பன்னிரண்டு மணி நேரம் நின்று வேலை செய்கிறீர்கள். அங்கே உங்களைவிட இளைய மேற்பார்வையாளர் ஒருவர் எல்லார் முன்னாலும் குரலை உயர்த்துகிறார். பதில் சொல்ல முடியாது. வேலை அனுமதி அவர்கள் கையில், வீட்டுக் கடன் வங்கியின் கையில். திரும்பி வரும்போது மறுபடி அதே நெரிசல். இரவு ஒன்பது மணிக்கு வாசல் கதவைத் திறக்கிறீர்கள். மேசைமேல் மகனுடைய கணிதத் தாள் கிடக்கிறது. நாற்பத்திரண்டு புள்ளி.

"அப்பா, சைன் போடுங்க" என்கிறான்.

அந்த நிமிடத்தில் நடப்பதைத்தான் நான் மனமுதிர்ச்சி என்கிறேன், அல்லது அது இல்லாமை என்கிறேன். அந்த நாற்பத்திரண்டுக்கு எவ்வளவு கோபம் பொருத்தமோ அவ்வளவு வந்தால் தவறில்லை. ஆனால் அந்தப் பையனுக்கு அன்று இரவு கிடைப்பது கணிதத்துக்கான கோபம் மட்டும்தானா? மேற்பார்வையாளரின் குரலும் மழையும் நெரிசலும் அதில் எத்தனை பங்கு? பையனுக்கு இந்தக் கணக்கு தெரியாது. எல்லாமே தனக்காக வந்தது என்றுதான் நினைப்பான். தான் அவ்வளவு மோசமானவன் என்று முடிவு செய்வான். நான் ஆசிரியராக இருந்தவன். இந்த முடிவைச் சுமந்துகொண்டு காலையில் வகுப்புக்கு வரும் பிள்ளையின் முகம் எனக்குத் தெரியும். அவன் அடுத்த பரீட்சையில் ஐம்பது வாங்குவதில்லை. முப்பத்தைந்து வாங்கித் தாளை ஒளித்துவைக்கக் கற்றுக்கொள்கிறான்.

அம்மாவுக்கும் இதே கேள்விதான். பாலத்தைக் கடக்கும் பெண்கள் குறைவில்லை. கடக்காவிட்டாலும், கணவரிடம் கேட்க முடியாததை மகளிடம் கேட்கும் தாய்மார்கள் உண்டு, மகனிடம் சொல்ல முடியாததை மருமகளிடம் சொல்லும் மாமியார்கள் உண்டு. ஆசிரியர்களையும் விட்டுவிடவில்லை. கல்வி இலாகா தலைமையாசிரியரைக் கேட்க, தலைமையாசிரியர் கூட்டத்தில் உங்களைக் கேட்க, அடுத்த பாடவேளையில் நான்காம் ஆண்டு வகுப்பில் யாரோ ஒரு பிள்ளை மேசைமேல் ஏறி நிற்கிறது. மாணவர்களே, பள்ளியில் ஒருவன் உங்களைக் கேலி செய்த அன்று, வீட்டில் தங்கையின் பென்சில் பெட்டி ஏன் உடைகிறது என்று யோசித்துப் பாருங்கள்.

வள்ளுவர் வெகுளாமை என்று தனி அதிகாரமே வைத்திருக்கிறார். அதை நாம் பள்ளியில் மனப்பாடம் செய்து ஒப்பித்துவிட்டு வந்துவிடுகிறோம். அதிகாரத்தைத் தொடங்கும்போதே அவர் பார்ப்பது எதை? கோபம் எங்கே பலிக்கும், எங்கே பலிக்காது என்பதை. பலிக்கக்கூடிய இடத்தில் தடுத்துக்கொள்பவனைத்தான் அவர் கோபத்தைக் காத்தவனாகக் கணக்கில் எடுத்துக்கொள்கிறார். பலிக்காத இடத்தில் ஒருவன் அடக்கிக்கொண்டால் அதற்கு அவர் எந்த மதிப்பும் தருவதில்லை. மேலாளரிடம் வாயை மூடிக்கொண்டு இருந்தது உங்கள் பக்குவம் ஆகாது. அங்கே உங்களுக்கு வேறு வழியில்லை. உங்கள் கோபம் செல்லுபடியாகும் இடம் உங்கள் வீடு. உங்களுக்கான தேர்வு அங்கேதான் நடக்கிறது. பல நூற்றாண்டாக நம் கையில் இருக்கும் நூல் இவ்வளவு துல்லியமாகச் சொல்லியிருக்க, நாம் அதை வெறும் "கோபப்படாதே" என்று சுருக்கிவிட்டோமே என்று எனக்கு வருத்தம்.

தொல்காப்பியர் இன்னும் நுட்பமாகப் போகிறார். பொருளதிகாரத்தில் மெய்ப்பாட்டியல் என்று ஒரு பகுதி. உள்ளத்து உணர்ச்சி உடம்பில் வெளிப்படுவதை எட்டு வகையாகப் பிரித்து, ஒவ்வொன்றும் எந்தெந்தக் காரணத்தால் பிறக்கும் என்று நான்கு நான்காகச் சொல்லிக்கொண்டு போகிறார். வெகுளி, அதாவது கோபம், எதனால் வரும்? உறுப்பைச் சிதைத்தால், குடியை அழித்தால், வருத்தித் துன்புறுத்தினால், கொன்றால். எல்லாம் பெரிய கொடுமைகள். அப்படியானால் நாலு பேர் முன்னால் ஒருவரை இகழ்ந்து சிறுமைப்படுத்தினால் என்ன வரும்? அதை அவர் வெகுளியில் சேர்க்கவில்லை. அழுகையில் சேர்க்கிறார். அழுகைக்கான நான்கு காரணங்களில் முதலாவதாகவே அதை வைக்கிறார். இழப்பும் தளர்ச்சியும் வறுமையும் அதற்குப் பின்னால்தான் வருகின்றன.

இதைப் படித்த அன்று என்னால் புத்தகத்தை மூடிவைக்க முடியவில்லை. மேற்பார்வையாளர் ஏசிய மனிதருக்கு உள்ளே நடந்தது அழுகைதான். ஆனால் ஆண்பிள்ளை அழக்கூடாது என்று சின்ன வயதிலேயே சொல்லிவைத்திருக்கிறோம். கண்ணீருக்கு வழியில்லாததால் அது கத்தலாக வருகிறது. வீட்டில் இருப்பவர்களுக்கோ கத்தல் மட்டும்தான் கேட்கிறது. "அப்பாவுக்கு இன்னைக்கு அவமானமாப் போச்சு" என்று ஒரு மனிதரால் தன் மனைவியிடம் சொல்ல முடிந்தால், அந்த வீட்டில் அன்று தட்டு உடையாது. இந்த ஒரு வாக்கியத்தைச் சொல்வதற்கு, ஒரு மூட்டை சிமெண்டைத் தூக்குவதைவிட அதிக பலம் வேண்டும். சொல்லிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

சரி, சொல்ல வேண்டும், நிறுத்த வேண்டும் என்றால் அந்தச் சமயத்தில் எப்படி முடியும் என்று கேட்பீர்கள். உடம்பு ஒத்துழைக்காதே. உண்மைதான். அமெரிக்காவில் சியாட்டில் நகரத்தில் ஜான் காட்மன் என்ற உளவியலாளர் கணவன் மனைவியரைப் பல ஆண்டுகள் ஆராய்ந்தார். அவர்களை ஓர் அறையில் உட்காரவைத்து, அவர்களுக்குள் தீராத ஒரு விஷயத்தைப் பேசச் சொல்வார். இதயத்துடிப்பைக் கருவி பதிவு செய்துகொண்டே இருக்கும். வாக்குவாதம் முற்றி, துடிப்பு நிமிடத்துக்கு நூறைத் தாண்டிவிட்டால், எதிரில் இருப்பவர் சொல்வது காதில் ஏறுவதில்லை என்று கண்டார். ஒருமுறை ஆய்வாளர்கள் நடுவில் புகுந்து, கருவியைச் சரிசெய்ய வேண்டியிருக்கிறது, அரைமணி நேரம் பேசாமல் இந்தப் பத்திரிகைகளைப் படித்துக்கொண்டிருங்கள் என்று சொன்னார்கள். அரைமணி கழித்து மறுபடி பேசியபோது இதயத்துடிப்பு தணிந்திருந்தது. அதே ஆட்கள், அதே பிரச்சினை, ஆனால் வேறு மனிதர்களைப் போல் பேசினார்கள். யாரும் அவர்களுக்கு அறிவுரை சொல்லவில்லை. உடம்பு அடங்க நேரம் கிடைத்தது, அவ்வளவுதான். குறைந்தது இருபது நிமிடம் வேண்டும் என்பது அவர் கணக்கு.

அந்த இருபது நிமிடத்தை நம் வீட்டில் எப்படி உண்டாக்குவது? வாசலிலேயே சொல்லிவிடுங்கள். "இன்னைக்கு வேலையில ஏச்சு வாங்கிட்டேன்மா. கொஞ்ச நேரம் வெளிய உட்கார்ந்துட்டு வர்றேன். அப்புறம் தம்பியோட தாளப் பார்க்குறேன்." இதில் மூன்று காரியம் நடக்கிறது. என்ன நடந்தது என்று சொல்லிவிட்டீர்கள். வீட்டில் யாரும் காரணமில்லை என்று தெரிவித்துவிட்டீர்கள். திரும்பி வருவேன் என்றும் வாக்குக் கொடுத்துவிட்டீர்கள். மூன்றாவதை மறக்காதீர்கள். எதுவும் சொல்லாமல் எழுந்து வெளியே போய்விடுவது, வீட்டில் இருப்பவர்களுக்கு இன்னொரு தண்டனைதான்.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். நான் சொல்வதைக் கேட்டுவிட்டு யாராவது வீட்டுக்குப் போய் மனைவியிடம், "பார்த்தாயா, பொறுமையா இருக்கணும்னு சொன்னார்" என்று சொல்லிவிடக்கூடாது. நம் சமூகத்தில் பொறுமையை எப்போதும் கீழ்ப்படியில் நிற்பவரிடம்தான் கேட்டிருக்கிறோம். அடி வாங்குகிறவளைப் பொறுத்துப்போ என்கிறோம், அடிக்கிறவனை நிறுத்து என்று சொல்வதில்லை. எத்தனை பஞ்சாயத்துகளில், எத்தனை உறவினர் கூடிய முன்னறைகளில் இது நடந்திருக்கிறது! அடியைச் சகித்துக்கொண்டிருப்பதற்கும் மனமுதிர்ச்சிக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. இந்த நாட்டில் குடும்ப வன்முறைச் சட்டம் 1994-ஆம் ஆண்டிலேயே இயற்றப்பட்டது. தாலியான் காசே 15999 என்ற உதவி எண் இருபத்துநாலு மணி நேரமும் இயங்குகிறது. அந்த எண்ணைச் சுழற்றும் பெண் குடும்பத்தைக் கெடுப்பவள் ஆகமாட்டாள். படியில் இறங்கி வந்த கோபம் தன் பிள்ளைகள்வரை போகாமல் தடுக்கிறாள்.

வாய்மூடி இருப்பது மற்றவர்களையும் பாதிக்கிறது. ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் ஜேம்ஸ் கிராஸ் குழுவினர் 2003-இல் வெளியிட்ட ஓர் ஆய்வு உண்டு. முன்பின் அறியாத இரண்டு பெண்களை மனத்தை உலுக்கும் ஒரு படத்தைப் பார்க்கவைத்து, பிறகு அதைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். சில இணைகளில் ஒருவரிடம் மட்டும், உணர்ச்சியை முகத்தில் காட்டாதே என்று சொல்லிவைத்தார்கள். எதிரில் இருந்தவருக்கு இது தெரியாது. ஆனால் அவருடைய இரத்த அழுத்தம் ஏறியது. ஒருவர் விழுங்கியது இன்னொருவர் உடம்பில் தெரிந்தது. இதை நம் வீடுகளில் நாம் அறிவோம். ஜப்பானியர் காலத்தில் மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்களைச் சயாம் மரண ரயில் பாதைக்குக் கொண்டுபோனார்கள். 415 கிலோமீட்டர். பல்லாயிரம் பேர் அங்கேயே மாண்டார்கள். திரும்பி வந்தவர்களில் பலர் அதைப் பற்றி வாயே திறக்கவில்லை. பிள்ளைகளுக்குப் பாரம் ஏற்றக்கூடாது என்ற அன்புதான் காரணம், அதை நான் வணங்குகிறேன். ஆனால் தாத்தா ஏன் இரவில் அலறி எழுந்தார், ஏன் ஒரு பருக்கைச் சோறு கீழே சிந்தினால் கையை ஓங்கினார் என்று தெரியாமலே வளர்ந்த பிள்ளைகள், தாத்தா தங்களை வெறுத்தார் என்று நம்பிக்கொண்டே வயதாகிவிட்டார்கள். அவர்களுக்கு யாராவது ஒருமுறை சொல்லியிருக்கலாம்.

கோபத்தைக் கீழே விடவும் கூடாது, விழுங்கவும் கூடாது என்றால் அதை எங்கேதான் கொண்டுபோவது? மேலே கொண்டுபோகலாம். 1941-ஆம் ஆண்டு கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் அதைச் செய்து காட்டினார்கள். ஆர். எச். நாதன் அவர்களுக்கு முன்னணியில் நின்றார். அவர்கள் கேட்டவற்றைப் பாருங்கள். சம வேலைக்குச் சீனத் தொழிலாளர்களுக்குத் தரும் கூலியை எங்களுக்கும் தர வேண்டும். தோட்டத்துக் கள்ளுக்கடைகளை மூட வேண்டும். பிள்ளைகளுக்குச் சரியான பள்ளிக்கூடம் வேண்டும். எங்கள் பெண்களிடம் முறைகேடாக நடப்பது நிற்க வேண்டும். துரையைக் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்கி நிற்கும் வழக்கம் ஒழிய வேண்டும்.

இந்தக் கோரிக்கைகளை நான் படிக்கும்போதெல்லாம் கூலியைவிட வேறு இரண்டில் மனம் நின்றுவிடுகிறது. சைக்கிளிலிருந்து இறங்கமாட்டேன் என்பது, நான் முன்பு சொன்ன அந்த அவமானத்துக்கு நேரடிப் பதில். அதுவரை அந்த அவமானம் லயத்தில் மனைவி முதுகில் இறங்கிக்கொண்டிருந்தது. இப்போது அதைக் கோரிக்கையாக்கி, யார் பதில் சொல்ல வேண்டுமோ அவரிடமே கொண்டுபோனார்கள். கள்ளுக்கடையை மூடு என்று கேட்டவர்களுக்கோ, கோபம் எந்த வழியாக வீட்டுக்கு வருகிறது என்பது தெரிந்திருந்தது. வெள்ளை அரசு படையை வைத்து அவர்களுடைய வேலைநிறுத்தத்தை நசுக்கியது. தொழிலாளர் சிலர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். நாதன் நாடு கடத்தப்பட்டார். பட்டியலில் இருந்த பெரும்பாலானவை அப்போது கிடைக்கவில்லை. அப்படியிருந்தும் அந்த மனிதர்களின் கோபத்தில் இருந்த ஒழுங்கை நான் மனமுதிர்ச்சியின் மிக உயர்ந்த வடிவமாகவே பார்க்கிறேன். எத்தனை மெதுவாகப் பேசினாலும், கேட்க வேண்டியவரிடம் கேட்காமல் பதில் சொல்ல முடியாதவரிடம் கொட்டுகிறவருக்கு அந்த உயரம் கிடையாது. இன்றைக்கும் தொழிற்சங்கம் இருக்கிறது, தொழிலாளர் அலுவலகம் இருக்கிறது, எழுத்துமூலமான புகார் இருக்கிறது. அக்கரையிலும் உண்டு.

இனி, இதையெல்லாம் அறிந்தும் தவறிவிடும் நாட்களைப் பற்றிப் பேச வேண்டும். எல்லா வீட்டிலும் தவறும். எட்வர்டு டிரானிக் என்ற அமெரிக்க உளவியலாளர் 1970-களில் கைக்குழந்தைகளையும் தாய்மார்களையும் வைத்து ஒரு சோதனை செய்தார். தாய் குழந்தையோடு கொஞ்சி விளையாடுகிறாள். பிறகு சொல்லிவைத்தபடி முகத்தைச் சலனமில்லாமல் வைத்துக்கொள்கிறாள். குழந்தை சிரித்துப் பார்க்கிறது, கையை நீட்டுகிறது, கத்துகிறது, கடைசியில் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுகிறது. சில நிமிடம்தான். இந்தச் சோதனையைப் பலர் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஆனால் டிரானிக் கண்ட இன்னொன்றை நாம் அதிகம் பேசுவதில்லை. நல்ல தாயும் நலமான குழந்தையும்கூட ஒருவருக்கொருவர் இசைந்து இருப்பது மூன்றில் ஒரு பங்கு நேரம்தான். மீதி நேரமெல்லாம் பிசகுவதும், மறுபடி சரிசெய்வதும். குழந்தை உறுதியாக வளர்வது அந்தச் சரிசெய்தலால்.

நம் வீடுகளில் பிசகு நிறைய, சரிசெய்தல் குறைவு. இரவு அடித்த அப்பா, காலையில் ரொட்டி சானாய் வாங்கிவந்து மேசைமேல் வைப்பார். நமக்கு அது மன்னிப்பு. அதில் அன்பு இருக்கிறது, மறுக்கமாட்டேன். ஆனால் பிள்ளைக்கு ரொட்டி மட்டும் போதாது. "நேத்து நீ செஞ்ச தப்புக்கு மேல அப்பா கத்திட்டேன். வேற எரிச்சல் அது. மன்னிச்சிக்கோ கண்ணு. கணக்கு மட்டும் உட்கார்ந்து பார்க்கணும், ரெண்டு பேரும் பார்ப்போம்." இப்படிச் சொன்னால் மரியாதை போய்விடும் என்று பயப்படுகிறார்கள். என் அனுபவத்தில் நேர்மாறாகத்தான் பார்த்திருக்கிறேன். மன்னிப்புக் கேட்ட அப்பாவின் அடுத்த சொல்லுக்குப் பிள்ளை அதிக மதிப்புக் கொடுக்கிறது. ஏனென்றால் அவர் கோபப்பட்டால் காரணம் இருக்கும் என்று இப்போது அதற்குத் தெரியும்.

நம் ஊரில் இந்தச் சரிசெய்தல் வீடு வீடாகத் தேவைப்பட்ட காலம் ஒன்று இருந்தது. கோவிட் பரவலால் 2020 மார்ச் 16 இரவு நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை அறிவிப்பு வந்தது. 18-ஆம் தேதியிலிருந்து பாலம் மூடப்படும். இடையில் ஒரே ஒரு நாள். வேலையைக் காப்பாற்றுவதா, வீட்டில் இருப்பதா என்று அந்த ஒரு நாளில் முடிவெடுக்க வேண்டியிருந்தது. ஒரு பையில் நாலு சட்டையை எடுத்துக்கொண்டு ஆயிரக்கணக்கானோர் அக்கரைக்கு ஓடினார்கள். இடம் கிடைக்காமல் கிராஞ்சி ரயில் நிலையத்தருகே படுத்துக்கிடந்தவர்களின் படங்களை நாம் பார்த்தோம். இரண்டு வாரம் என்று நினைத்துப் போனார்கள். ஆகஸ்டில் எல்லையைக் கடக்க ஓர் ஏற்பாடு வந்தது, அதிலும் தனிமைப்படுத்தலும் மாதக்கணக்கான காத்திருப்பும் இருந்தன. 2021 நவம்பர் 29-இல் தடுப்பூசி போட்டவர்களுக்கான பேருந்துகள் ஓடத் தொடங்கின. எல்லை முழுமையாகத் திறந்தது 2022 ஏப்ரல் 1-இல்தான். வீட்டு மாடியிலிருந்து பார்த்தால் தெரியும் தூரத்தில் இருந்துகொண்டு, பெற்ற தாயின் இறுதிச் சடங்கைக் கைப்பேசியில் பார்த்தவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்.

பேருந்து நிலையத்தில் கட்டிப்பிடித்து அழுத காட்சியைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். அதற்கு அடுத்த மாதத்தைக் காட்டவில்லை. நான் பேச விரும்புவது அந்த அடுத்த மாதத்தைப் பற்றித்தான்.

அப்பா வீட்டுக்கு வந்துவிட்டார். இரண்டு வயதில் விட்டுப்போன குழந்தை நாலு வயதில் அவர் மடியில் உட்கார மறுக்கிறது. பதினைந்து வயதுப் பெண், தம்பிகளின் இயங்கலை வகுப்பையும் மளிகைச் சாமானையும் மின்சாரக் கட்டணத்தையும் இந்த இரண்டு ஆண்டில் தன் கையில் எடுத்துக்கொண்டிருக்கிறாள். அப்பா எதையாவது மாற்றிச் சொன்னால், "அது அப்படி இல்லப்பா, நாங்க இப்படித்தான் செய்வோம்" என்கிறாள். மனைவி எதற்கும் அவரைக் கேட்பதில்லை. கேட்க ஆள் இல்லாமல் பழகிவிட்டது. அவரோ இந்த வீட்டுக்காகத்தான் அங்கே பங்க் கட்டிலில் எட்டுப் பேரோடு படுத்துக்கிடந்தார். உள்ளே என்ன எழும்? "எல்லாருக்கும் திமிராப் போச்சு" என்று எழும். வெளியே அது கோபமாகத்தான் தெரியும். ஆனால் தொல்காப்பியர் கணக்குப்படி அதுவும் அழுகைதான். தன் இடத்தை இழந்துவிட்டோம் என்ற துக்கம் அது.

அந்த மாதத்தைச் சில வீடுகள் நன்றாகக் கடந்தன. அங்கே அப்பாக்கள் என்ன செய்தார்கள் என்று கவனித்திருக்கிறேன். முதலில் மகளிடம், "நீ எப்படிச் சமாளிச்ச, சொல்லு" என்று கேட்டார்கள். அவள் சொல்லச் சொல்லக் குறுக்கே பேசாமல் கேட்டார்கள். மின்சாரக் கட்டணத்தை அவளிடமிருந்து பிடுங்கவில்லை. சின்னவனை மடிக்கு இழுக்காமல் பக்கத்தில் உட்கார்ந்து விளையாடினார்கள், அவன் தானாக வரும்வரை. தங்களுக்கு வலிக்கிறது என்பதை மனைவியிடம் மட்டும் சொன்னார்கள். அந்த மனைவியரும் தங்கள் இரண்டு ஆண்டைச் சொன்னார்கள், யார் அதிகம் கஷ்டப்பட்டார் என்ற போட்டியில்லாமல். வேறு சில வீடுகளில், வந்த முதல் வாரத்திலேயே அப்பா தன் அதிகாரத்தை நிலைநாட்டினார். அங்கே மகள்கள் பேச்சைக் குறைத்துக்கொண்டார்கள். இன்னமும் குறைத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த அப்பாக்கள் இந்த அரங்கில் இருந்தால் அவர்களுக்குச் சொல்கிறேன்: காலம் கடந்துவிடவில்லை. இன்று இரவே மகளிடம் கேட்கலாம், அந்த இரண்டு ஆண்டு உனக்கு எப்படிம்மா இருந்தது என்று.

இன்னொரு விஷயத்தோடு நிறுத்திக்கொள்கிறேன். இங்கே புக்கிட் சாகாரிலிருந்து அக்கரையில் உட்லண்ட்ஸ் நார்த்துக்கு ரயில் பாதை போட்டிருக்கிறார்கள். நான்கு கிலோமீட்டர், ஐந்து நிமிடப் பயணம், ஒரு திசையில் மணிக்குப் பத்தாயிரம் பேர்வரை போகலாம். 2026 இறுதிக்கும் 2027 தொடக்கத்துக்கும் இடையில் ஓடவைப்பதுதான் இலக்கு. எல்லாரையும் போல நானும் அதற்காகக் காத்திருக்கிறேன். உங்கள் முழங்காலுக்கும் தூக்கத்துக்கும் அது பெரிய விடுதலை. ஆனால் ஒன்றை யோசித்து வையுங்கள். இத்தனை ஆண்டும் அந்த நெரிசலில், மோட்டாரில் உட்கார்ந்தபடி, சிலருக்கு எரிச்சல் ஏறியது, சிலருக்கோ அங்கேதான் தணிந்தது. மேற்பார்வையாளரின் குரலுக்கும் உங்கள் வாசலுக்கும் நடுவே ஏதோ ஒரு தூரம் இருந்தது. இனி அது ஐந்து நிமிடம். அந்த இருபது நிமிடத்தை எங்கே வைத்துக்கொள்ளப் போகிறீர்கள்? நிலையத்தில் இறங்கி ஒரு தே தாரே குடிக்கும் நேரமாகவா, கோயில் வாசலிலா, வீட்டுத் திண்ணையிலா? அதை வீட்டில் எல்லாரும் உட்கார்ந்து பேசி முடிவு செய்யுங்கள். பிள்ளைகளையும் கேளுங்கள். அப்பாவோ அம்மாவோ எந்த நாளில், எந்த நேரத்தில் வேறு ஆளாக வருகிறார்கள் என்று அவர்களுக்குத்தான் சரியாகத் தெரியும்.